சி.ஏ.எச். உள்ள எனக்குக் குழந்தை பிறக்குமா?

கேள்வி: எனக்கு வயது 27. பிறந்த பத்தாம் நாள் ஓயாத வாந்தியோடு ஆஸ்பத்திரியில் சேர்த்து, உப்புச்சத்து இறங்கிப்போய் உயிர் பிழைத்தேன் என்று அம்மா சொல்வார். அப்போதுதான் சி.ஏ.எச்., அதாவது பிறவியிலேயே வரும் அட்ரீனல் சுரப்பிக் கோளாறு என்று தெரிந்ததாம். இரண்டு வயதில் பிறப்புறுப்பில் ஆபரேஷன் செய்தார்கள். குரோமோசோம் ரிப்போர்ட்டில் 46 எக்ஸ்எக்ஸ் என்று இருக்கிறது. தினமும் இரவு டெக்ஸாமெத்தசோன் 0.5 மி.கி., காலையில் ஃப்ளூட்ரோகார்டிசோன் ஒரு மாத்திரை. உடம்பு போடுகிறது என்பதால் இரவு மாத்திரையை வாரத்தில் இரண்டு மூன்று நாள் விட்டுவிடுகிறேன். மாதவிடாய் இரண்டு மூன்று மாதங்களுக்கு ஒருமுறைதான் வருகிறது. அம்மாவின் உடன்பிறந்த தம்பி மகனைத் திருமணம் செய்து ஒன்றரை வருடம் ஆகிறது. தாம்பத்தியத்தின்போது தாங்க முடியாத வலி. பெரும்பாலும் பாதியிலேயே நிறுத்திவிடுகிறோம். ஒரு டாக்டர் ஸ்கேன் பார்த்து நீர்க்கட்டி என்றார். 21ஆம் நாள் ரத்தம் எடுத்து, புரோஜெஸ்டிரோன் 5.2 இருக்கிறது, முட்டை வெடித்துவிட்டது என்றும் சொன்னார். இணையத்தில் தேடினால் சி.ஏ.எச்.சை இடைப்பாலினம் என்ற தலைப்பில் போட்டிருக்கிறார்கள். அப்படிப்பட்டவர்களுக்குக் கர்ப்பப்பையே இருக்காது என்றும் படித்தேன். எனக்குக் குழந்தை பிறக்குமா? பிறக்கும் குழந்தைக்கும் இதே நோய் வருமா? கர்ப்பமாகும் வரை மாத்திரைகளை நிறுத்திவிடலாமா?
– பெயர், ஊர் வேண்டாம்

பதில்: அன்புள்ள சகோதரி, கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. மாத்திரைகளை நிறுத்தவே கூடாது. இப்போது வாரத்தில் சில நாள் மாத்திரையைத் தவறவிடுவதையும் இன்றோடு நிறுத்திவிடுங்கள். சிறுநீரகங்களின் மேல் இருக்கும் உங்கள் அட்ரீனல் சுரப்பிக்குக் கார்டிசால், ஆல்டோஸ்டிரோன் என்ற இரண்டு ஹார்மோன்களையும் தேவையான அளவு செய்யத் தெரியாது. பத்தாம் நாள் உங்களை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன அதே நிலை எந்த வயதிலும் திரும்ப வரலாம்: வாந்தி, மயக்கம், ரத்த அழுத்தம் சரிவது, பொட்டாசியம் ஏறுவது, உயிரிழப்பு. காய்ச்சலோ வயிற்றுப்போக்கோ வந்த நாளில் மாத்திரை இல்லாமல் இருந்தால் ஆபத்து பல மடங்கு. விரதம் இருந்தாலும் மாத்திரைக்கு விரதம் கிடையாது. கர்ப்பத்துக்காக உங்கள் மருந்தை மாற்ற வேண்டும் என்பது உண்மை. ஆனால் அதை டாக்டர் செய்வார். புதிய மருந்தைக் கையில் எடுத்துக்கொண்ட பிறகுதான் பழையதை விட வேண்டும்.

அடுத்து, குழந்தை பிறக்குமா என்பது. வாய்ப்பு நன்றாகவே இருக்கிறது. உங்களுக்குக் கர்ப்பப்பை இருக்கிறது, சினைப்பைகள் இருக்கின்றன, முட்டைகள் இருக்கின்றன. இவை எதையும் சி.ஏ.எச். கெடுப்பதில்லை. நீங்கள் கருவில் இருந்தபோது உங்கள் அட்ரீனல் ஆண் ஹார்மோனை அதிகமாகச் சுரந்ததால் வெளி உறுப்புகள் மட்டும் வேறு வடிவம் பெற்றன. உள் உறுப்புகள் எல்லாப் பெண்களையும்போல வளர்ந்தன.

இணையத்தில் படித்தது உங்களைக் குழப்பியதற்குக் காரணம், இடைப்பாலினம், அதாவது பிறப்பிலேயே பாலுறுப்போ குரோமோசோமோ வழக்கத்திலிருந்து மாறுபடுவது, ஒரே நிலை அல்ல என்பதுதான். ஒரே தலைப்பின்கீழ் வரும் பல நிலைகளுக்குக் கருவுறுதல் விஷயத்தில் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. ஆண் ஹார்மோனை உடம்பு உணரவே உணராத முழுமையான ஆண்ட்ரோஜன் உணர்வின்மை உள்ள பெண்ணுக்குக் குரோமோசோம், வழக்கமாக ஆண்களுக்கு இருக்கும் 46 எக்ஸ்ஒய்; கர்ப்பப்பையும் முட்டையும் இருக்காது. நீங்கள் படித்தது பெரும்பாலும் இவர்களைப் பற்றியதாகத்தான் இருக்கும். ஸ்வையர் நிலை உள்ள பெண்ணுக்கும் 46 எக்ஸ்ஒய்தான், ஆனால் கர்ப்பப்பை உண்டு, முட்டை கிடையாது. புற்றாக மாறும் அபாயம் இருப்பதால் நார்போல் இருக்கும் பாலின சுரப்பிகளை எடுத்துவிட்டு, ஈஸ்ட்ரோஜன் கொடுத்துக் கர்ப்பப்பையை வளரவைத்தால், தானமாகப் பெற்ற முட்டையால் உண்டாகும் கருவைச் சுமந்து அவரே பெற்றெடுக்க முடியும். அப்படிப் பெற்றவர்கள் இருக்கிறார்கள். க்ளைன்ஃபெல்ட்டர் உள்ள ஆணுக்கு, 47 எக்ஸ்எக்ஸ்ஒய், விந்தில் அணுக்களே இல்லாவிட்டாலும் நுண்ணோக்கி வைத்து விரைத் திசுவில் தேடினால் ஏறக்குறைய பாதிப் பேருக்குச் சில அணுக்கள் கிடைக்கின்றன. அதற்கு முன்பு டெஸ்டோஸ்டிரோன் ஊசி போட்டுக்கொண்டிருந்தால் அந்த வாய்ப்பு குறையும் என்பதால், குழந்தை ஆசை இருப்பவர் ஊசியைத் தொடங்கும் முன்பே கருவுறுதல் மருத்துவரைப் பார்க்க வேண்டும்.

கர்ப்பப்பை இல்லாத தம்பதியர் இதைப் படித்தால் அவர்களுக்காக ஒரு வார்த்தை. 2021ஆம் ஆண்டு வாடகைத்தாய்ச் சட்டத்தின்கீழ் திருமணமான தம்பதியர் மாவட்ட மருத்துவ வாரியத்தின் சான்றிதழோடு, பணம் வாங்காமல் சுமக்க முன்வரும் பெண் மூலம் குழந்தை பெறலாம். முட்டையும் விந்தணுவும் தம்பதியருடையவையாகவே இருக்க வேண்டும் என்று 2023-ல் கொண்டுவந்த விதி, முட்டையே இல்லாத பெண்களுக்குக் கதவை அடைத்துவிட்டது. பிப்ரவரி 2024-ல் அது திருத்தப்பட்டது: மருத்துவக் காரணத்தை வாரியம் உறுதி செய்தால் இரண்டில் ஒன்று தானமாக இருக்கலாம், மற்றது தம்பதியருடையதாக இருக்க வேண்டும். பழைய விதியைச் சொல்லித் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் மறுபடியும் விண்ணப்பிக்கலாம். இனி உங்கள் விஷயம்.

லண்டனில் ஒரே மருத்துவமனையில் தொடர் சிகிச்சையில் இருந்த, சி.ஏ.எச்.சின் தீவிர வகை கொண்ட 106 பெண்களைப் பற்றிய ஆய்வு ஒன்று 2009-ல் வெளியானது. அவர்களில் குழந்தைக்காக முயன்றவர்கள் 23 பேர். அந்த 23 பேரில் 21 பேர் கருத்தரித்தார்கள். உங்களைப்போல உப்பை இழக்கும் வகையினருக்கும் மற்றவர்களுக்கும் இதில் பெரிய வித்தியாசம் இல்லை. பழைய புத்தகங்களில் இந்த நோய்க்குக் குழந்தைப்பேறு மிகக் குறைவு என்று எழுதியிருப்பதற்குப் பெரும் காரணம் முயன்றவர்களே குறைவு என்பது. உனக்கெல்லாம் குழந்தை பிறக்காது என்று சிறுவயதிலேயே சொல்லப்பட்டவர்கள், வலியால் தாம்பத்தியத்தைத் தவிர்த்தவர்கள், மருந்து சரியாகப் பொருத்தப்படாதவர்கள் எல்லோரும் அந்தக் கணக்கில் இருக்கிறார்கள். ஆனால் லண்டன் பெண்களும் சும்மா இருந்து கருத்தரிக்கவில்லை. மருந்தை இறுக்கிப் பிடித்த பிறகுதான் பலருக்கும் கரு தங்கியது. எதை இறுக்குவது என்பதில்தான் உங்கள் பிரச்சினையின் மையம் இருக்கிறது.

அது புரோஜெஸ்டிரோன். சாதாரணமாக இந்த ஹார்மோன் முட்டை வெடித்த பிறகு மட்டும் ஏறும், மாதவிடாய் வரும்போது இறங்கும். சி.ஏ.எச்.சில் அட்ரீனல் சுரப்பி பாதியில் நின்றுபோன தயாரிப்பின் மிச்சமாக இதையும் சுரந்துகொண்டே இருக்கிறது. ஆக மாதம் முழுவதும் புரோஜெஸ்டிரோன் ரத்தத்தில் இருக்கிறது. தினமும் மினி பில் என்ற கருத்தடை மாத்திரை சாப்பிட்டால் உடம்பில் என்ன நடக்குமோ அதுவே நடக்கிறது: கர்ப்பப்பை வாயின் சளி கெட்டியாகி விந்தணுவை உள்ளே விடாது, கர்ப்பப்பையின் உள்சவ்வு மெலிந்தே இருக்கும், முட்டை வெடிப்பதும் தடைப்படும். டெஸ்டோஸ்டிரோன் அளவு சரியாக இருக்கிறது என்று ரிப்போர்ட் வந்தும் கரு தங்காத பெண்களிடம் பெரும்பாலும் இதுதான் காரணமாக இருக்கிறது.

இதிலிருந்தே உங்கள் 21ஆம் நாள் ரிப்போர்ட்டின் தவறும் புரியும். மற்றப் பெண்களுக்கு அன்று 3-க்கு மேல் இருந்தால் முட்டை வெடித்துவிட்டது என்று படிப்பார்கள். உங்களுக்கு 5.2 என்பது சினைப்பையிலிருந்து வந்ததா, அட்ரீனலிலிருந்து வந்ததா என்று அந்த எண்ணை வைத்து யாராலும் சொல்ல முடியாது. வாரத்தில் மூன்று நாள் இரவு மாத்திரையை விடுகிறீர்கள், மாதவிடாய் மூன்று மாதம் தள்ளிப்போகிறது என்பதைச் சேர்த்துப் பார்த்தால், அது அட்ரீனலின் வேலையாக இருக்கவே வாய்ப்பு அதிகம். உங்களுக்கு முட்டை வெடிப்பதை உறுதி செய்ய, முட்டை வளர்வதைத் தொடர்ந்து பார்க்கும் ஃபாலிக்குலர் ஸ்கேன்தான் வழி. நீர்க்கட்டி விஷயமும் இதேதான். ஆண் ஹார்மோன் கூடினால் சினைப்பை ஸ்கேனில் நீர்க்கட்டி உள்ளதுபோலவே தெரியும். அதை மட்டும் பார்த்து மெட்ஃபார்மினும் கருத்தடை மாத்திரையும் கொடுத்தால் மாதவிடாய் ஒழுங்காக வரும். கருத்தரிப்பு ஓர் அடியும் முன்னேறாது.

சரியான பரிசோதனை இப்படி: மாதவிடாய் தொடங்கிய மூன்றாம் நாளிலிருந்து ஐந்தாம் நாளுக்குள், காலை எட்டு மணிக்கு முன்பு, அன்றைய மாத்திரை போடும் முன்பு ரத்தம் கொடுங்கள். புரோஜெஸ்டிரோன், 17-ஹைட்ராக்ஸி புரோஜெஸ்டிரோன் (இந்த நோயில் தேங்கும் மூலப்பொருள்), ஆண்ட்ரோஸ்டீன்டையோன், டெஸ்டோஸ்டிரோன், ரெனின் (உடம்பில் உப்பு குறைந்தால் சிறுநீரகம் சுரப்பது), சோடியம், பொட்டாசியம். புரோஜெஸ்டிரோன் மில்லிலிட்டருக்கு 0.6 நானோகிராமுக்குக் கீழே வர வேண்டும். சில லேப்களின் அளவையில் அது 2 நானோமோல். சி.ஏ.எச். ரத்தத்தில் ஒன்றுபோல இருக்கும் ஸ்டீராய்டுகள் பல இருப்பதால், சாதாரண இம்யூனோ முறை அவற்றையும் சேர்த்து எண்ணி அளவைக் கூட்டிக் காட்டுவது உண்டு. மாஸ் ஸ்பெக்ட்ரோமெட்ரி முறையில் செய்யும் லேப் கிடைத்தால் அங்கேயே, ஒவ்வொரு முறையும் அதே லேபிலேயே கொடுங்கள்.

0.6-க்குக் கீழே கொண்டுவருவது எப்படி? முதல் படி, ஒரு வேளையும் விடாமல் சாப்பிடுவது. பலருக்கு இதுவே பாதி வேலையை முடித்துவிடும். இரண்டாவது படி, டெக்ஸாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டை மாற்றுவது. இது மலிவானது, ஒரு வேளை போதும், அட்ரீனலை நன்றாக அடக்கும். அதனால்தான் நிறையப் பேருக்கு எழுதப்படுகிறது. கர்ப்பத்துக்கு மட்டும் ஆகாது. நஞ்சுக்கொடியில் ஒரு நொதி இருக்கிறது. அது ஹைட்ரோகார்டிசோனையும், பெருமளவுக்குப் பிரெட்னிசோலோனையும் செயலிழக்கச் செய்துதான் குழந்தையின் பக்கம் விடும். டெக்ஸாமெத்தசோன் அதற்கு அகப்படாது. நேரே குழந்தைக்குப் போய்விடும். ஆகவே முயற்சி தொடங்கும் முன்பே மாற வேண்டும். மாறும் முன்பே கர்ப்பம் என்று தெரிந்தால் பதற வேண்டாம், மாத்திரையை விடவும் வேண்டாம். அன்றே எண்டோகிரைன் (ஹார்மோன்) டாக்டரைப் பார்த்து மாற்றிக்கொள்ளுங்கள்.

மாற்று, வழக்கமாக ஹைட்ரோகார்டிசோன் ஒரு நாளைக்கு 15 முதல் 25 மி.கி. வரை, மூன்று வேளையாக. அல்லது பிரெட்னிசோலோன் 5 முதல் 7.5 மி.கி. வரை, இரண்டு வேளையாக. உங்கள் அளவை உங்கள் டாக்டர்தான் முடிவு செய்வார். மாற்றிய முதல் வாரங்களில் புரோஜெஸ்டிரோன் ஏறக்கூடும். காரணம், அட்ரீனலை விரட்டும் ஏ.சி.டி.எச். என்ற ஹார்மோன் விடியற்காலையில்தான் உச்சத்துக்குப் போகும். ஹைட்ரோகார்டிசோன் அதற்குள் தீர்ந்துவிடும். அப்படிப்பட்ட நேரத்தில் மொத்த அளவைக் கூட்டாமல், படுக்கும் முன்பு ஒரு சிறிய வேளையாகப் பிரெட்னிசோலோன் 2.5 மி.கி. சேர்ப்பது பலருக்கு உதவுகிறது. இன்னொன்று பலமுறை மறக்கப்படுகிறது: உப்பைக் காக்கும் ஃப்ளூட்ரோகார்டிசோன். அதன் அளவு போதாமல் ரெனின் ஏறியிருந்தால் அட்ரீனல் தூண்டப்பட்டுக்கொண்டே இருக்கும். அதைச் சரிசெய்தால் ஸ்டீராய்டைக் கூட்டாமலேயே புரோஜெஸ்டிரோன் இறங்குவதும் உண்டு. பெரியவர்களுக்கு 50 முதல் 200 மைக்ரோகிராம் வரை தேவைப்படும். உங்கள் ஒரு மாத்திரை 100 மைக்ரோகிராம்.

எடை கூடும் என்ற உங்கள் பயம் நியாயமானது. மருந்தை இறுக்கிப் பிடிக்கும் காலத்தில் எடை, சர்க்கரை, ரத்த அழுத்தம் மூன்றும் ஏற வாய்ப்பு உண்டு. அதனால்தான் இதை வருடக்கணக்கில் செய்வதில்லை. கருத்தரிக்க முயலும் மாதங்களுக்கு மட்டும், 6 முதல் 8 வாரத்துக்கு ஒருமுறை ரத்தம் பார்த்துக்கொண்டே செய்வது. தேவையற்ற முடிவளர்ச்சியைக் குறைக்க ஸ்பைரோனோலாக்டோன் சாப்பிடுபவராக இருந்தால் அதை முயற்சிக்கு முன்பே நிறுத்த வேண்டும். ஃபோலிக் அமிலம் 400 மைக்ரோகிராம் இப்போதே தொடங்கலாம்.

இனி வலி. இதை நீங்கள் எழுதியது நல்லதாயிற்று. பலர் இதைச் சொல்லாமலேயே ஹார்மோன் மாத்திரைகளிலும் ஊசிகளிலும் வருடங்களைக் கழிக்கிறார்கள். உறவே நடக்காதபோது ஹார்மோனைச் சரிசெய்து பயனில்லை. இரண்டு வயதில் செய்த ஆபரேஷனில் பிறப்புவழி திறக்கப்பட்டிருந்தால், தையல் போட்ட இடத்தில் வடு இறுகி வாய் குறுகிப்போவது சாதாரணம். சிலருக்கு வழி போதுமான அளவு இருந்தும் பழைய பரிசோதனைகளின் பயத்தால் தசை இறுகிக்கொள்ளும். இரண்டும் சேர்ந்தும் இருக்கும். எது என்று தெரியாமல் சிகிச்சை கூடாது. சி.ஏ.எச். தெரிந்த பெண் மகப்பேறு மருத்துவரிடம், உங்கள் சம்மதத்தோடு, தேவைப்பட்டால் மயக்க மருந்து கொடுத்து ஒரு பரிசோதனை செய்துகொள்ளுங்கள். சிறுவயது ஆபரேஷன் குறிப்புகளைப் பழைய ஆஸ்பத்திரியில் கேட்டு வாங்குங்கள். அதில் என்ன வெட்டப்பட்டது, பிறப்புவழி தொடப்பட்டதா இல்லையா என்பது பிரசவ முறையைத் தீர்மானிக்கவும் வேண்டியிருக்கும்.

மிதமான குறுகலுக்கு டைலேட்டர்கள் போதும். விரல் அளவில் தொடங்கி அளவு அளவாக ஏறும் குழாய்கள் அவை; தினமும் பத்துப் பதினைந்து நிமிடம், உங்கள் கையாலேயே, வலிக்காத ஆழம் வரை. சில மாதங்கள் ஆகும். இடுப்புத்தளத் தசைக்கான பிசியோதெரபி கிடைத்தால் சேர்த்துச் செய்யுங்கள். ஜெல்லி பயன்படுத்துங்கள், ஆனால் முயற்சி மாதங்களில் உறவுக்கு வாங்கும்போது விந்தணுவுக்குத் தீங்கில்லாதது என்று குறிப்பிட்டிருப்பதாகப் பாருங்கள், சாதாரண ஜெல்லி அணுக்களின் ஓட்டத்தைக் குறைக்கும். மாதவிடாய் ரத்தம் தடையின்றி வெளியேறுகிறது என்றால் அவசரமாக மறு ஆபரேஷனுக்குச் சம்மதிக்க வேண்டாம். வலி தீரக் காலம் பிடிக்கும் என்றால் ஐ.யு.ஐ. வழி இருக்கிறது, மெல்லிய குழாயால் விந்தணுவை நேரே கர்ப்பப்பைக்குள் செலுத்திவிடுவார்கள். வலியைப் பொறுத்துக்கொண்டு குழந்தை பெற வேண்டும் என்ற கட்டாயம் உங்களுக்கு இல்லை. உங்கள் கணவரும் இந்த ஆலோசனையின்போது உடன் இருக்கட்டும்.

புரோஜெஸ்டிரோன் கட்டுக்குள் வந்து ஆறு மாதமாகியும் முட்டை வளரவில்லை என்றால், முட்டையை வளரத் தூண்டும் லெட்ரோசோல் மாத்திரை, ஸ்கேன் கண்காணிப்போடு. புரோஜெஸ்டிரோன் கட்டுக்குள் வராமல் லெட்ரோசோலோ, உடம்புக்கு வெளியே கருவை உருவாக்கும் ஐ.வி.எஃப்.போ தொடங்குவது பணத்தையும் உடம்பையும் வீணாக்குவது. உள்சவ்வு மெலிந்த கர்ப்பப்பையில் நல்ல கருவும் தங்காது. இடையில் கணவரின் விந்துப் பரிசோதனையையும் முடித்துவிடுங்கள்.

குழந்தைக்கும் வருமா? இந்தக் கேள்விக்கு உங்கள் திருமண உறவுதான் பதிலை மாற்றுகிறது. இந்த நோய் வர அப்பா, அம்மா இருவரிடமிருந்தும் பழுதான மரபணு வர வேண்டும். உங்களிடம் இரண்டு நகலும் பழுது. ஆகவே உங்கள் குழந்தைக்கு ஒன்று நிச்சயம் போகும். மற்றது கணவரைப் பொறுத்தது. அவரிடம் பழுது இல்லையென்றால் குழந்தைக்கு நோய் வராது, கேரியராக, அதாவது நோயில்லாமல் ஒரு பழுதான நகலை மட்டும் சுமப்பவராக இருக்கும். அவர் கேரியர் என்றால் ஒவ்வொரு கர்ப்பத்திலும் வாய்ப்பு பாதிக்குப் பாதி. உறவில்லாத ஒருவரை மணந்திருந்தால், ஏறக்குறைய 60 பேரில் ஒருவர் கேரியர் என்ற பொதுக் கணக்கில், குழந்தைக்கு வாய்ப்பு 120-ல் ஒன்று. நீங்கள் மணந்தது தாய்மாமன் மகனை. உங்கள் அம்மா கேரியர். அவருடைய தம்பி கேரியராக இருக்க வாய்ப்பு இரண்டில் ஒன்று. அவர் மகனுக்கு நான்கில் ஒன்று. உங்கள் குழந்தைக்கு நோய் வர எட்டில் ஒன்று. மாமாவின் மனைவியும் அதே சொந்தத்தில் வந்தவர் என்றால் இன்னும் கூடும். தாய்மாமனையே மணந்த பெண்ணுக்கு இது நான்கில் ஒன்று. ஐ.சி.எம்.ஆர். (இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம்) சில நகரங்களில் பிறந்த குழந்தைகளைச் சோதித்தபோது சென்னையில் இந்த நோய் ஏறத்தாழ 2,000 பேருக்கு ஒருவர் என்று மற்ற நகரங்களைவிட அதிகமாக இருந்தது. சொந்தத்தில் திருமணம் செய்யும் நம் வழக்கத்துக்கு இதில் பங்கு இருக்கலாம். இதில் உங்களையோ கணவரையோ குற்றம் சொல்ல யாருக்கும் இடமில்லை. எட்டில் ஏழு பங்கு வாய்ப்பு உங்கள் பக்கம்தான். ஆனால் ஊகத்தில் விடத் தேவையில்லை, ஒரு ரத்தப் பரிசோதனையில் தெரிந்துகொள்ளலாம்.

அந்தப் பரிசோதனையில் ஒரு சிக்கல் உண்டு. சி.ஒய்.பி.21.ஏ.2 என்ற இந்த மரபணுவின் பக்கத்திலேயே, அதைப்போல 98 சதவீதம் ஒத்த, வேலை செய்யாத போலி மரபணு ஒன்று இருக்கிறது. பல மரபணுக்களை ஒரே நேரத்தில் பார்க்கும் பொதுவான எக்ஸோம் பரிசோதனை இரண்டையும் குழப்பிக்கொண்டு, பழுது இருந்தும் இல்லை என்று சொல்லிவிடலாம். ஆகவே லேபில் சி.ஒய்.பி.21.ஏ.2-க்கான சாங்கர் வரிசைப்படுத்தலும், மரபணுவில் துண்டு விடுபட்டதா என்று பார்க்கும் எம்.எல்.பி.ஏ.வும் சேர்த்துச் செய்வார்களா என்று கேளுங்கள். முதலில் உங்களுடையதைச் செய்ய வேண்டும். உங்களிடம் உள்ள பழுது எது என்று தெரிந்தால் கணவரிடம் அதைத் தேடுவது துல்லியமாகும். அவரிடம் வேறு பழுது இருக்கக்கூடும் என்பதால் முழு மரபணுவையும் பார்த்துவிட வேண்டும். ரிப்போர்ட்டை மரபணு ஆலோசகரிடம் காட்டி விளக்கம் பெறுங்கள்.

கணவர் கேரியர் என்று வந்தால் உங்கள் முன்னால் மூன்று வழிகள் உண்டு. ஐ.வி.எஃப். செய்து கருக்களைச் சோதித்து நோயில்லாததை வைப்பது. இயல்பாகக் கருத்தரித்து 11 முதல் 13 வாரத்தில் நஞ்சுக்கொடித் திசுவை எடுத்துச் சோதிப்பது. எதுவும் செய்யாமல், பிறந்தவுடன் குழந்தையைச் சோதிக்க ஏற்பாட்டோடு இருப்பது. மூன்றாவதும் முறையான வழிதான். மருந்தோடு முழு வாழ்க்கை வாழக்கூடிய நிலை இது என்பதை உங்களைவிட அறிந்தவர் யார்? மரபணு நோய்க்காகக் கருவைச் சோதிப்பதை 1994ஆம் ஆண்டுச் சட்டம் பதிவுபெற்ற மையங்களில் அனுமதிக்கிறது. பாலினத்தைச் சொல்வதுதான் குற்றம்.

இங்கே ஒரு எச்சரிக்கை. பெண் கருவின் வெளி உறுப்பு மாறாமல் இருக்க, கர்ப்பத்தின் முதல் வாரங்களிலேயே தாய்க்கு டெக்ஸாமெத்தசோன் கொடுக்கலாம் என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். உறுப்பு உருவாகும் நேரம் பரிசோதனை முடிவு வருவதற்கு முன்பே கடந்துவிடும். ஆகவே எல்லாக் கருவுக்கும் கண்ணை மூடிக் கொடுக்க வேண்டியிருக்கும். கணவர் கேரியராக இருந்தாலும் நான்கில் மூன்று கருவுக்கு அந்த மருந்து தேவையே இல்லை. குழந்தையின் மூளை வளர்ச்சி பற்றிய கவலைகள் தீரவில்லை. 2018ஆம் ஆண்டு எண்டோகிரைன் சொசைட்டி வழிகாட்டுதலும் இதை ஆராய்ச்சி நிலையிலுள்ள சிகிச்சையாகவே வைத்திருக்கிறது. என் கருத்தில், தோற்றத்துக்காகக் குழந்தையின் மூளையை அபாயத்தில் வைக்கக் கூடாது.

உங்கள் உடம்பிலுள்ள ஆண் ஹார்மோன் பெண் குழந்தையைப் பாதிக்குமோ என்ற பயம் இருந்தால் அதை விட்டுவிடலாம். நஞ்சுக்கொடியிலுள்ள அரோமட்டேஸ் என்ற நொதி அதை ஈஸ்ட்ரோஜனாக மாற்றிவிடும்.

கர்ப்பமானதும் அதே மருந்துகள் தொடரும். 17-ஹைட்ராக்ஸி புரோஜெஸ்டிரோனும் ரெனினும் எல்லாக் கர்ப்பிணிகளுக்கும் ஏறுவதால் அவற்றைப் பார்த்து அளவை மாற்றுவது அர்த்தமற்றது. நின்றால் ரத்த அழுத்தம் இறங்குகிறதா, சோடியம் பொட்டாசியம் எப்படி, எடை ஏறுகிறதா என்பதே வழிகாட்டி. கடைசி மூன்று மாதங்களில் ஹைட்ரோகார்டிசோனை 20 முதல் 40 சதவீதம் கூட்ட வேண்டிவரலாம். சர்க்கரைக்கு 75 கிராம் குளுக்கோஸ் பரிசோதனையை முதல் வருகையிலேயே செய்யச் சொல்லுங்கள். இரண்டு மணி நேரத்தில் 140-ஐத் தொட்டால் சிகிச்சை தேவை. ஸ்டீராய்டு எடுப்பவர்களுக்கு இது எதிர்பார்க்கக்கூடியது.

மிக ஆபத்தான காலம் மசக்கை. மாத்திரை போட்டு அரை மணிக்குள் வாந்தி எடுத்தால் அதே அளவை மறுபடி போடுங்கள். அதுவும் வந்துவிட்டால் வீட்டில் காத்திருக்கக் கூடாது. ஹைட்ரோகார்டிசோன் 100 மி.கி. ஊசி தொடைத் தசையில் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். அந்த ஊசிக் குப்பி இரண்டும் சிரிஞ்சும் எப்போதும் வீட்டில் இருக்கட்டும், கணவர் போடக் கற்றுக்கொள்ளட்டும். மசக்கைதானே என்று வாந்தி நிற்கும் மருந்தும் குளுக்கோஸும் மட்டும் ஏற்றி அனுப்பிவிடுவதே அடிக்கடி நடக்கும் தவறு. உங்களுக்கு வேண்டியது ஹைட்ரோகார்டிசோனும் நார்மல் சலைனும். 38.5 டிகிரி செல்சியஸுக்கு மேல் காய்ச்சல் வந்தால் அன்றாட அளவு இரண்டு மூன்று மடங்காக வேண்டும். இவற்றைத் தாய்-சேய் நல அட்டையின் முதல் பக்கத்தில் பெரிதாக எழுதிவையுங்கள்: அட்ரீனல் பற்றாக்குறை, ஸ்டீராய்டு நிறுத்தக் கூடாது, வாந்தி மயக்கம் வந்தால் உடனே ஹைட்ரோகார்டிசோன் 100 மி.கி. கர்ப்பத்தைப் பதிவு செய்து பிக்மி எண் வாங்கும்போதே கிராம சுகாதார செவிலியரிடமும் சொல்லிவிடுங்கள்.

பிரசவம் மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரிபோல எண்டோகிரைன், மயக்க மருந்து, பச்சிளங்குழந்தைப் பிரிவுகள் மூன்றும் உள்ள இடத்தில் இருக்கட்டும். பிறப்புவழியில் ஆபரேஷன் செய்தவர்களுக்குப் பெரும்பாலும் திட்டமிட்ட சிசேரியனே பரிந்துரைக்கப்படுகிறது. வடுத் திசு கிழிந்தால் சரிசெய்வது கடினம், சிலருக்கு இடுப்பெலும்பும் குறுகலாக இருக்கும். பழைய குறிப்பில் பிறப்புவழி தொடப்படவில்லை என்று தெரிந்தால் சுகப்பிரசவத்தை டாக்டர் யோசிக்கலாம். எந்த முறையானாலும் தொடக்கத்தில் ஹைட்ரோகார்டிசோன் 100 மி.கி. நரம்பில், பிறகு ஆறு மணிக்கு ஒருமுறை 50 மி.கி.; பிரசவத்துக்குப் பிறகு ஓரிரு நாள் இரட்டை அளவு, அப்புறம் பழைய அளவு. பிறந்த நாளின் சந்தோஷத்தில் உங்கள் மாத்திரை மறந்துபோவதும் நடந்திருக்கிறது. கணவர் அலாரம் வைத்துக்கொள்ளட்டும். ஹைட்ரோகார்டிசோனும் பிரெட்னிசோலோனும் தாய்ப்பாலுக்குத் தடையில்லை.

கணவர் கேரியர் இல்லை என்று உறுதியாகியிருந்தால் குழந்தைக்கு இந்த நோய்க்கான பரிசோதனை தேவையில்லை. கேரியர் என்றால், ஆண் குழந்தையானாலும் பெண் குழந்தையானாலும், இரண்டாம் மூன்றாம் நாளில் 17-ஹைட்ராக்ஸி புரோஜெஸ்டிரோன் பாருங்கள். ஆண் குழந்தைக்கு வெளியே ஒரு வித்தியாசமும் தெரியாது. அதனாலேயே தவறவிடப்படுவது பெரும்பாலும் அவர்கள்தான். உப்பு இறங்கும் நெருக்கடி பொதுவாக முதல் வாரம் முடிந்து மூன்றாம் வாரத்துக்குள் வரும். ரிப்போர்ட் வராத நிலையில் பால் குடிக்க மறுப்பது, வாந்தி, எடை இறங்குவது எதைக் கண்டாலும் அன்றே சோடியம், பொட்டாசியம் பார்க்கச் சொல்லுங்கள்.

பெண் குழந்தைக்கு வெளி உறுப்பு வித்தியாசமாக இருந்தால் அது அவசரம் அல்ல. உப்புதான் அவசரம். மருந்தைத் தொடங்குங்கள், ஆபரேஷனுக்குக் கையெழுத்துப் போடாதீர்கள். உயிருக்கு ஆபத்தான நிலை தவிர, இடைப்பாலினக் குழந்தைகளுக்கு உறுப்பை மாற்றியமைக்கும் அறுவை சிகிச்சைக்குத் தடை விதிக்க வேண்டும் என்று மதுரையில் அமர்ந்த சென்னை உயர் நீதிமன்ற அமர்வு ஏப்ரல் 2019-ல் உத்தரவிட்டு, அதே ஆண்டு தமிழ்நாடு அரசும் அரசாணை வெளியிட்டது. யாராவது வற்புறுத்தினால் அந்த அரசாணையைக் கேளுங்கள். சிறுநீர் தடையின்றிப் போகிறதா, தொற்று இருக்கிறதா என்பதை மட்டும் டாக்டர் பார்த்தால் இப்போதைக்குப் போதும்.